கைநாட்டுக்கு முன்னால் வாருங்கள்
நாமக்கல், இராசிபுரம், சேலம் வழக்கறிஞர்களுக்குக் கொல்லிமலையிலிருந்து ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய வழக்கறிஞர்களே,

செம்மேட்டுக்குப் பக்கத்தில் ஒரு சிற்றூரிலிருந்து எழுதுகிறேன். உங்களில் பலரை நான் மலையில் பார்த்திருக்கிறேன். ஆடிப் பதினெட்டுக்கு அறப்பளீஸ்வரரைக் கும்பிடக் குடும்பத்தோடு வருகிறீர்கள். ஆகாய கங்கையில் குளிக்கப் படி இறங்குகிறீர்கள். திரும்பும்போது சோளக்காட்டுச் சந்தையில் வண்டியை நிறுத்தி, வாழைத்தாரும் பலாப்பழமும் விலை பேசி வாங்கிப் போகிறீர்கள். காரவள்ளியிலிருந்து மேலே வரும் 70 கொண்டை ஊசி வளைவுகளும் உங்களுக்குப் பழகியவைதான். அதனால் தெரியாத இடத்துக்கு உங்களை அழைக்கிறேன் என்று நினைக்க வேண்டாம். அடுத்த முறை வரும்போது மூக்குக் கண்ணாடியையும் பேனாவையும் கூட எடுத்து வாருங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல்.

ஏன் கேட்கிறேன் என்பதற்கு முதலில் என் வீட்டுக் கதையைச் சொல்லிவிடுகிறேன்.

எங்கள் அப்பாவுக்கு ஒன்றரை ஏக்கர் மேட்டுக்காடு இருந்தது. சில்வர் ஓக் மரங்களில் அவர் கையால் ஏற்றிவிட்ட மிளகுக்கொடி. 1991இல் அக்கா கல்யாணத்துக்காகக் கீழ்நாட்டுக்காரர் ஒருவரிடம் பணம் வாங்கினார். மூன்று வருஷ மிளகை அவர் பறித்துக்கொள்வது, பிறகு காடு எங்களுக்குத் திரும்புவது என்பது வாய்ப்பேச்சு. எங்கள் வீட்டுத் திண்ணையில் வைத்துத்தான் பத்திரம் முடிந்தது. நான்காக மடித்திருந்த தாளில் கைநாட்டு வைக்கும் இடம் மட்டும் மேலே தெரிந்தது. அப்பா பெருவிரலை அழுத்தினார். விரலில் ஒட்டியிருந்த மசியைத் தலைமுடியில் தேய்த்துக்கொண்டு, வந்தவருக்குக் காப்பி போடச் சொன்னார்.

அது குத்தகைப் பத்திரம் இல்லை, கிரய ஒப்பந்தம். விலையில் முக்கால்வாசியை முன்பணமாகப் பெற்றுக்கொண்டதாகவும், மீதியை வாங்கிக்கொண்டு கிரயம் செய்து தருவதாகவும் அதில் எழுதியிருந்தது. மூன்றாவது வருஷம் சம்மன் வந்தது. அரசாங்க முத்திரை போட்ட காகிதம் என்பதால் அப்பா அதை மரியாதையாகச் சாமி மாடத்தில் விபூதித் தட்டுக்குக் கீழே வைத்தார். வீட்டில் எழுத்து தெரிந்தவன் நான் ஒருவன்தான். பள்ளிக்கூடத்திலிருந்து வந்த என்னைப் படிக்கச் சொன்னார்கள். படித்தேன். 'பிரதிவாதி', 'ஆஜர்', 'ஒருதலைப்பட்சமாக' என்ற சொற்களை எழுத்துப் பிசகாமல் உரக்கப் படித்தேன். அவற்றுக்கு என்ன பொருள் என்று எனக்கும் தெரியாது, கேட்டுக்கொண்டிருந்தவர்களுக்கும் தெரியாது. தாள் மறுபடியும் விபூதித் தட்டுக்குக் கீழே போயிற்று.

அடுத்து வந்தது கோர்ட் அமீனா. அப்போதுதான் அப்பா மலை இறங்கிப் போய் ஒரு வக்கீலைப் பார்த்தார். அவர் நல்ல மனிதர். பணம் கூட வாங்கவில்லை. காகிதங்களைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "எக்ஸ்பார்ட்டி ஆகி 30 நாளுக்குள் வந்திருந்தால் ஏதாவது செய்திருக்கலாமே பெரியவரே" என்றார். அந்த 30 நாளும் சாமி மாடத்தில்தான் கழிந்திருந்தன. அடுத்த தை மாதம், தான் ஏற்றிவிட்ட அதே கொடிகளில், ஒற்றை மூங்கில் ஏணியைச் சாய்த்து, அப்பா கூலிக்கு மிளகு பறித்தார்.

வழக்கறிஞர்களே, இதில் எந்த இடத்தில் எங்களுக்கு நீங்கள் தேவைப்பட்டீர்கள் என்று யோசித்துப் பாருங்கள். அமீனா வந்த பிறகு அல்ல. கோர்ட்டில் கூட அல்ல. அந்தத் திண்ணையில், மடித்த தாளை விரித்துப் படிக்க ஒருவர் வேண்டியிருந்தார். ஐந்து நிமிஷ வேலை. அதைச் செய்ய ஆள் இல்லாததால் ஒன்றரை ஏக்கர் போயிற்று. இன்றைக்குப் பத்திரங்களின் தினுசு மாறியிருக்கிறது. மிளகுக் குத்தகை, போக்கியம், குச்சிக்கிழங்குக்கு முன்பணம், விடுதி கட்ட இடம் என்று காரணங்களும் பெருகியிருக்கின்றன. மடித்த தாள் மட்டும் மாறவில்லை.

உங்கள் தொழிலின் பழைய கதை ஒன்றை உங்களுக்கே நினைவூட்டுவதற்கு மன்னியுங்கள். 1882இல் கொல்லிமலையும் சேலம் ஜில்லாதான். அந்த ஜில்லாவின் தலைநகரில் சி. விஜயராகவாச்சாரியார் என்ற இளம் வக்கீல் இருந்தார். செங்கல்பட்டுப் பக்கம் பொன்விளைந்தகளத்தூரில் 1852இல் பிறந்தவர். சேலம் கல்லூரியில் பிள்ளைகளுக்கு ஆங்கிலமும் கணக்கும் சொல்லிக்கொடுத்துக்கொண்டே, வகுப்பு எதிலும் உட்காராமல், சட்டப் புத்தகங்களைத் தானாகப் படித்துத் தேறினார். 1881இல் வக்கீல் ஆனார். அடுத்த வருஷமே சேலத்தில் பெரும் கலவரம் மூண்டது. அதைத் தூண்டியவர் என்று அவரையே குற்றவாளிக் கூண்டில் நிறுத்தினார்கள். பத்து வருஷத் தண்டனையும் விதித்தார்கள்.

தொழிலுக்கு வந்து ஓராண்டே ஆனவர் அவர். அரசாங்கமே எதிரி. ஆனாலும் அவர் காகிதத்தைச் சாமி மாடத்தில் வைத்துவிட்டு உட்காரவில்லை, ஏனென்றால் அவருக்கு அதைப் படிக்கத் தெரியும். உயர்நீதிமன்றம் வரை போராடி விடுதலை ஆனார். அதோடும் விடவில்லை. நகரசபை உறுப்பினர் பதவியிலிருந்து தன்னை நீக்கியது முறையல்ல என்று இந்தியா மந்திரி மீதே வழக்குத் தொடுத்தார். அந்த வழக்கு 1884ஆம் ஆண்டு ஐ.எல்.ஆர். மதராஸ் தீர்ப்பு வரிசையின் 7ஆம் தொகுதியில் இருக்கிறது. உங்கள் சங்க நூலகத்தில் பழைய தொகுதிகள் இருந்தால் இன்றும் எடுத்துப் பார்க்கலாம்.

என் மனத்தைத் தொட்டது இவை கூட அல்ல. தன் தலை தப்பியதும் ஊரார் தலையை அவர் மறக்கவில்லை. அதே கலவர வழக்கில் அந்தமான் தண்டனைக்கு ஆளான மற்றவர்களுக்காக வைஸ்ராய் ரிப்பன் பிரபுவுக்கு மனு எழுதி, அவர்களின் விடுதலைக்கும் வழி செய்தார். அந்த மனுவை எழுத அவர்களால் முடியாது, அவரால் முடியும். வக்கீல் என்ற சொல்லுக்கு எனக்குத் தெரிந்த மிகச் சரியான விளக்கம் அதுதான்.

பிறகு அவர் எங்கெல்லாமோ உயர்ந்தார். 1895 முதல் 1901 வரை சென்னை சட்டசபை, 1913 முதல் 1916 வரை தில்லிச் சட்டசபை, 1920இல் நாக்பூர் காங்கிரஸ் மாநாட்டின் தலைமை. பெண்களின் சொத்துரிமைக்குக் குரல் கொடுத்தார். 1944இல் 91 வயதில் மறைந்தார். தென்னாட்டின் சிங்கம் என்று நாடு அவரை அழைத்தது. அந்தச் சிங்கம் எங்கள் மலைக்காரர்களுக்காக வாதாடியது என்று நான் சொல்ல வரவில்லை. எழுத்து தெரிந்த ஒருவர், எழுத்து தெரியாதவர்கள் பக்கம் போய் நின்றால் தீர்ப்பே மாறும் என்று உங்கள் ஊரில், உங்கள் தொழிலில் ஒருவர் காட்டிவிட்டுப் போயிருக்கிறார் என்றுதான் சொல்கிறேன்.

கடலுக்கு அப்பாலும் இதே கதை ஒன்று உண்டு. அமெரிக்காவில் இலினாய் மாநிலத்தில் நியூ சேலம் என்று ஒரு குக்கிராமம். பெயரைப் பாருங்கள், அதுவும் சேலம்தான். 1831இல் பிழைப்புத் தேடி ஓர் இளைஞர் அங்கே வந்து சேர்ந்தார். அவர் பள்ளிக்கூடத்தில் கழித்த நாட்களை எல்லாம் கூட்டினாலும் ஒரு வருஷம் தேறாது. மளிகைக் கடை வைத்தார், நொடித்துப் போனார். நிலம் அளந்தார். இரவல் வாங்கிச் சட்டப் புத்தகம் படித்தார். வக்கீல் உரிமம் கிடைப்பதற்கு முன்பே அக்கம்பக்கத்துக் குடியானவர்களுக்குப் பத்திரம் எழுதித் தந்தார். ஆபிரகாம் லிங்கன் சட்டத்துக்குள் நுழைந்த வாசல் அதுதான். எழுதப்படிக்கத் திணறும் அண்டை வீட்டாருக்குக் காகிதம் பார்த்துத் தந்த வாசல்.

1836இல் உரிமம் பெற்ற பின் அவர் ஸ்பிரிங்ஃபீல்டு நகரத்திலேயே உட்கார்ந்துவிடவில்லை. எட்டாவது வட்ட நீதிமன்றம் என்று ஒரு ஏற்பாடு இருந்தது. வசந்தத்தில் ஒரு முறை, இலையுதிர் காலத்தில் ஒரு முறை, நீதிபதியும் வக்கீல்களும் குதிரையிலும் வண்டியிலும் புறப்பட்டு ஊர் ஊராகப் போவார்கள். ஒரு காலத்தில் அந்த வட்டத்தில் 14 மாவட்டங்கள் இருந்தன. சேற்றுப் பாதை, பாலமில்லாத ஓடை, சத்திரத்தில் ஒரே கட்டிலில் இரண்டு பேர். வாரக்கணக்கில் இப்படி அலைந்தார்கள். ஜனங்கள் கோர்ட்டைத் தேடிப் போகவில்லை, கோர்ட் ஜனங்களைத் தேடிப் போயிற்று. லிங்கனை அந்த மாநிலத்துக் குடியானவர்கள் அறிந்துகொண்டதும், அவர்களை லிங்கன் அறிந்துகொண்டதும் அந்தப் பாதைகளில்தான்.

நியூ சேலத்தில் அவருக்குச் சோறு போட்டு, துணி தைத்துக் கொடுத்த ஒரு குடும்பம் ஆர்ம்ஸ்ட்ராங் குடும்பம். பல வருஷம் கழித்து அந்த வீட்டு மகன் மேல் கொலைக் குற்றம் வந்தது. 1858இல் லிங்கன் அவனுக்காக வாதாடினார். நிலா வெளிச்சத்தில் அடித்ததைக் கண்ணால் பார்த்தேன் என்று சாட்சி சொன்னான். லிங்கன் ஒரு பஞ்சாங்கத்தை எடுத்துக் காட்டினார். சாட்சி சொன்ன நேரத்தில் நிலா அடிவானத்தை நெருங்கிவிட்டது. பையன் விடுதலை ஆனான். விதவைத் தாயிடம் லிங்கன் ஒரு காசு வாங்கவில்லை. நிலாவையும் பஞ்சாங்கத்தையும் பார்த்து விதைக்கிற எங்கள் பெரியவர்களிடம் இதைச் சொன்னால் உடனே புரிந்துகொள்வார்கள். எங்களுக்குத் தெரிந்த விஷயத்தைக் கோர்ட்டுக்குப் புரிகிற சாட்சியமாக மாற்றித் தருகிறவர்தான் வக்கீல்.

அப்படி மாற்றித் தர வேண்டிய சாட்சியம் இந்த மலை முழுக்கக் கிடக்கிறது. 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தை நீங்கள் அறிவீர்கள். 2005 டிசம்பர் 13க்கு முன்பிருந்து காட்டு நிலத்தில் பயிரிட்டு வாழும் பழங்குடிக் குடும்பத்துக்கு 4 ஹெக்டேர் வரை உரிமை உண்டு. ஊருக்குப் பொதுவான வன உரிமையும் உண்டு. இதற்குப் பட்டாக் காகிதம் மட்டும்தான் ஆதாரம் என்று விதிகள் சொல்லவில்லை. போட்ட வரப்பு ஆதாரம். சமப்படுத்திய நிலம் ஆதாரம். இடுகாடு ஆதாரம். சாமி குடியிருக்கும் காடு ஆதாரம். எழுத்தில் பதிந்தால் ஊர்ப் பெரியவரின் வாக்குமூலமும் ஆதாரம்.

எங்களிடம் இவை எல்லாம் இருக்கின்றன. சாமைக்கும் கேழ்வரகுக்கும் பாட்டன் போட்ட கல்வரப்பு இருக்கிறது. கிளை ஒடிக்கக் கூடாது, செருப்போடு நுழையக் கூடாது என்று காத்து வந்த கோயில் காடுகள் இருக்கின்றன. எந்த ஓடையில் தொடங்கி எந்தப் பாறையில் எந்த ஊரின் எல்லை முடிகிறது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லும் ஊர்க்கவுண்டர்கள் இருக்கிறார்கள். எழுதி வைக்கத்தான் ஆள் இல்லை. ஒரு பெரியவரை அடக்கம் செய்யும்போது ஒரு வாக்குமூலத்தையும் சேர்த்து மண்ணுக்குள் வைத்துவிட்டு வீடு திரும்புகிறோம். மனு தள்ளுபடி ஆனால் 60 நாளுக்குள் மேலே முறையிடலாம் என்று சட்டம் சொல்கிறது. 30 நாளில் காட்டை இழந்த வீட்டிலிருந்து வந்த எனக்கு, அந்த 60 நாள் எப்படிக் கழியும் என்று தெரியும்.

இன்னொன்றையும் நீங்கள் அறிவீர்கள். பழங்குடிகளுக்கென்று அரசமைப்பின் ஐந்தாம் அட்டவணை தரும் காப்பு தமிழ்நாட்டில் எந்த மலைக்கும் கிடையாது. அதை ஒட்டி 1996இல் வந்த பஞ்சாயத்து விரிவாக்கச் சட்டமும் எங்களுக்குப் பொருந்தாது. வேறு மாநிலத்து மலைகளில் சட்டமே வேலியாக நிற்கிற இடத்தில், இங்கே ஒரு மனிதர்தான் வேலியாக நிற்க வேண்டியிருக்கிறது. அந்த மனிதர் நீங்கள்.

நீங்கள் சொல்லக்கூடிய மறுமொழிகள் எனக்குக் கேட்கின்றன.

இலவச சட்ட உதவி இருக்கிறதே என்பீர்கள். இருக்கிறது. 1987ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆம் பிரிவு, பழங்குடியினருக்கு வருமான வரம்பே பார்க்காமல் அந்த உதவியைத் தருகிறது. நல்ல சட்டம். ஆனால் உதவி கேட்டு வர வேண்டும் என்றால், தனக்கு ஆபத்து வந்திருக்கிறது என்று முதலில் தெரிய வேண்டும். என் அப்பாவுக்கு அது தெரியவில்லை. முகாம்களும் நடக்கின்றன, மறுக்கவில்லை. பந்தல் போட்டு உரிமைகளை விளக்குகிறீர்கள், நாங்களும் கைதட்டுகிறோம். பேச்சு முடிந்ததும் இடுப்பில் செருகிய ஒரு காகிதத்தோடு கடைசி வரிசையில் தயங்கி நிற்கும் கிழவியை அடுத்த முறை பாருங்கள். அவளுக்கு வேண்டியது உரையல்ல. அந்தக் காகிதத்தை நீங்கள் வாங்கிப் படிப்பது.

மலைக்காரர்கள் வழக்கைக் கொடுத்துவிட்டு வாய்தாவுக்கு வருவதில்லை என்பீர்கள். உண்மைதான். ஒரு வாய்தாவுக்கு விடியற்காலை பஸ் பிடிக்க வேண்டும். இறங்குவதற்குள் பாதிப் பேர் வாந்தி எடுத்துவிடுகிறோம். அன்றைய கூலி போகும். கோர்ட் வாசல் வேப்பமரத்தடியில் நாலு மணி வரை நின்ற பிறகு, அடுத்த மாதம் தேதி போட்டிருக்கிறது என்று குமாஸ்தா சொல்வார். இப்படி ஐந்து முறை போனவன் ஆறாவது முறை போகமாட்டான். வழக்கில் தோற்பதைவிட வழக்குக்குப் போவது அதிகச் செலவாகிவிடுகிறது. ஆகவேதான் வழக்கு பிறப்பதற்கு முன்னால் வாருங்கள் என்கிறேன்.

எங்களுக்கும் பிழைப்பு இருக்கிறது என்பீர்கள். கட்டாயம் இருக்கிறது. இளம் வழக்கறிஞர்கள் சீனியரிடம் சொற்பப் பணத்துக்கு உழைத்து, வாடகைக்குத் திண்டாடுவதை நான் அறிவேன். லிங்கனும் வட்டம் சுற்றியது பிழைப்புக்காகத்தான். அங்கே கட்டணம் வாங்கினார், பெயரும் வாங்கினார். எங்களை என்றைக்கும் இலவசமாகத் தாங்கச் சொல்லவில்லை. காகிதத்தைப் படித்துச் சொல்வதற்குப் பணம் வேண்டாம். வழக்கு நடத்த வேண்டி வந்தால் சட்ட உதவி இருக்கிறது, முடிந்தவர்கள் கட்டணமும் கொடுப்போம். 1920இல் விஜயராகவாச்சாரியார் தலைமை வகித்த நாக்பூர் மாநாடு ஒத்துழையாமையை உறுதி செய்தபோது, கோர்ட்டையே விட்டு வெளியே வரும்படி வக்கீல்களை நாடு கேட்டது. சேலத்தில் தொழில் நடத்திப் பெயரெடுத்த இராஜாஜி போன்றவர்கள் வந்தார்கள். வாழ்நாள் தொழிலையே ஒரு தலைமுறை கொடுத்தது. நான் கேட்பது மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை.

என் கோரிக்கை இதுதான். மாதம் ஒரு ஞாயிறு, காலை பத்து மணி முதல் மாலை நான்கு மணி வரை, உங்கள் சங்கங்களிலிருந்து மூன்று பேர் முறை வைத்துக்கொண்டு செம்மேட்டுக்கு வாருங்கள். ஒருவராவது பெண் வழக்கறிஞராக இருக்கட்டும், எங்கள் பெண்கள் வாய் திறப்பார்கள். மேடை வேண்டாம், மாலை வேண்டாம். ஒரு மேசை, நாலு நாற்காலி, ஒரு நோட்டு. யார் எந்தத் தாளைக் கொண்டுவந்தாலும் விரித்துப் படித்து, அதில் என்ன எழுதியிருக்கிறது, கையெழுத்துப் போட்டால் என்ன ஆகும், எத்தனை நாளுக்குள் பதில் தர வேண்டும் என்ற மூன்றையும் எங்கள் தமிழில் சொல்லுங்கள். பெரியவர்களின் வாக்குமூலத்தை மாதம் ஓர் ஊராக எழுதி வாங்குங்கள். மேசைக்குப் பக்கத்தில் எங்கள் பிள்ளைகள் இரண்டு பேரை உட்கார வையுங்கள். பார்த்துப் பார்த்து அவர்களும் கற்றுக்கொள்வார்கள். நாளை அவர்களில் ஒருத்தி கறுப்புக் கோட்டு போட்டுக்கொண்டு இதே மேசைக்கு வருவாள். அதன் பிறகு நீங்கள் அருவியில் குளிக்க மட்டும் வந்தால் போதும்.

எங்கள் பக்கத்துப் பொறுப்பையும் சொல்லிவிடுகிறேன். 'ஞாயிற்றுக்கிழமை வக்கீல் படிக்காமல் எந்தத் தாளிலும் கைநாட்டு வைப்பதில்லை' என்று ஊர் ஊராக, மலையில் ஊர்கள் சேர்ந்த நாடு நாடாகப் பேச வேண்டியது எங்கள் வேலை. பட்டக்காரர்களிடமும் ஊர்க்கவுண்டர்களிடமும் அதை எடுத்துப் போக நான் இருக்கிறேன், என்னைப் போல இன்னும் சிலரும் இருக்கிறார்கள்.

அப்பா போய்ச் சேர்ந்து வருஷங்கள் ஆகிவிட்டன. அந்தச் சம்மன் இன்னும் எங்கள் வீட்டில்தான் இருக்கிறது. இப்போது எனக்கு அதில் உள்ள ஒவ்வொரு சொல்லுக்கும் பொருள் தெரியும். தெரிந்து பயனில்லை. ஆனால் இன்று மலையில் வேறு யாரோ ஒருவர் வீட்டில், வேறொரு விபூதித் தட்டுக்குக் கீழே, இன்னும் நாள் கடந்துவிடாத ஒரு காகிதம் இருக்கும். அது வீணாகும் முன் வாருங்கள்.

வரும் மாதம் முதல் ஞாயிறு. மேசையைத் துடைத்து வைத்திருக்கிறோம்.

இப்படிக்கு,
உங்கள் கொல்லிமலைக்காரன் ஒருவன்